சிலந்தி வந்த வழி

1899-ஆம் ஆண்டில் லண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தின் விலங்கியலாளர் ஆர். ஐ. போக்காக், இந்தியாவிலும் இலங்கையிலும் மரப்பொந்துகளில் வாழும் பெரிய டாரன்டுலாச் சிலந்திகளைப் பற்றி விரிவாக எழுதினார். போசிலோதீரியா என்ற பேரினத்தைச் சேர்ந்த இவை காலை விரித்தால் ஆள் கையளவு இருக்கும். அந்த ஆண்டு அவர் பெயர் சூட்டிய இனங்களில் ஒன்று, பழைய கொங்கு மண்டலத்தின் வடகோடியில், சேலம் மாவட்டத்துக் காடையாம்பட்டியிலிருந்து போனது. இன்று உலகெங்கும் சிலந்தி வளர்ப்பவர்கள் அதைச் சேலத்தின் பெயராலேயே அழைக்கிறார்கள். இன்னொன்று அனந்தபூர் மாவட்டத்துக் குத்தியிலிருந்து போனது. மின்னும் நீல நிறம் கொண்ட அந்தச் சிலந்திக்கும் ஊர்ப்பெயர் நிலைத்துவிட்டது. ஆனால் குத்தியைச் சுற்றி அது வாழும் காடு கிடையாது. 102 ஆண்டுகள் யார் கண்ணிலும் படாமல் இருந்து, 2001-இல் அது மறுபடி அகப்பட்டது அங்கிருந்து ஏறத்தாழ 100 கிலோமீட்டர் வடகிழக்கே, நந்தியாலுக்கும் கித்தலூருக்கும் இடைப்பட்ட காட்டில். போக்காக்கின் கைக்குப் போன சிலந்தி ரயில்வே மரக்கிடங்கில் கிடைத்தது. காட்டு மரத்தோடு ரயிலேறி வந்தது அது என்பதே இன்று ஆய்வாளர்கள் ஏற்கும் விளக்கம். விஷமுள்ள சிலந்தி ஒன்று தன் எல்லைக்கு வெளியே காணப்பட்டது என்பதற்குத் தென்னிந்தியாவில் இதைவிடத் தெளிவான பழைய உதாரணம் இல்லை. அதைத் தெளிவாக்குவது, அது வந்த வழியைச் சுட்டிக்காட்ட முடிகிறது என்பதுதான். வழியைக் காட்டாமல் ஒரு சிலந்தியை வெளியூர்ச் சரக்கு என்று சொல்லக் கூடாது என்பதே என் வாதம். கொங்குநாட்டில் அப்படிச் சொல்லும் வழக்கம் பெருகிவிட்டதால் இதைக் கொஞ்சம் விரிவாகவே பேச வேண்டியிருக்கிறது.

மரத்தோடு சிலந்தி பயணம் போகும் வழி கொங்குநாட்டில் நெடுங்காலம் திறந்தே கிடந்தது. 1848-இல் கேப்டன் ஜேம்ஸ் மைக்கேல் ஆனைமலைக் காடுகளின் பொறுப்பை ஏற்றபோது, அங்கிருந்த தேக்கு கப்பல் கட்டும் துறைகளுக்குப் போய்க்கொண்டிருந்தது. டாப்ஸ்லிப் உச்சியிலிருந்து கட்டைகளைச் சரிவில் உருட்டிவிடுவார்கள், கீழிருந்து இழுத்துப் போவார்கள். 1856-இல் சென்னை மாகாணத்துக்கு வனத்துறை வந்தது. ஹ்யூ கிளெக்ஹார்ன் அதன் முதல் தலைவர். அதே ஆண்டு ராயபுரத்திலிருந்து கிளம்பிய இருப்புப்பாதை, சேலம், ஈரோடு, போத்தனூர் வழியாக 1862-இல் பேப்பூர்க் கடற்கரையைத் தொட்டுவிட்டது. 1873-இல் மேட்டுப்பாளையம் கிளை. தண்டவாளத்துக்கு அடியில் போடும் கட்டை, எஞ்சினுக்கு விறகு, ஸ்டேஷனுக்கு உத்தரம் என்று ரயில் தின்ற மரத்துக்கு அளவில்லை. பட்டை உரிக்காத மரத்தின் வெடிப்பிலும் பொந்திலும் பகல் முழுதும் அசையாமல் ஒடுங்கிக் கிடப்பதே இந்தச் சிலந்திகளின் குணம். வெட்டுகிறவனும் ஏற்றுகிறவனும் பார்க்க வாய்ப்பில்லை. ஆகவே குத்தியில் நடந்தது போத்தனூரிலும் மேட்டுப்பாளையத்திலும் பலமுறை நடந்திருக்கும் என்று ஊகிப்பதில் தவறில்லை.

ஆனால் போய்ச் சேர்வது வேறு, குடியேறுவது வேறு. குத்தி மரக்கிடங்கில் இறங்கிய நீலச் சிலந்திக்கு அங்கே வாரிசு இல்லை. மரப்பொந்து டாரன்டுலா பருவமடையவே காலம் பிடிக்கும், ஆண் பருவமடைந்த பின் நீண்ட நாள் வாழாது, வயதான மரமும் பொந்தும் இல்லாத இடத்தில் குஞ்சுகள் பிழைக்காது. நூறாண்டுகளுக்கு மேல் கட்டை ஏற்றிய ரயில்பாதை நெடுகிலும் இப்படிப்பட்ட சிலந்திகள் குடியேறிப் பெருகவில்லை என்பது, காட்டுச் சிலந்தி நகரத்துக்கு வந்து படையெடுக்கும் என்ற பயத்துக்கு நல்ல பதில். சேலத்துச் சிலந்தியின் ஊரையும் இதே அளவுகோலால் சோதிக்கலாம். காடையாம்பட்டிக்குப் பக்கத்திலும் ஜோலார்பேட்டை–சேலம் ரயில்பாதை ஓடுகிறதே, அதுவும் கட்டையோடு வந்திருக்கலாமே என்று ஒருவர் கேட்டால் கேள்வி நியாயமானது. பதிலும் உண்டு. அந்த இனம் கிழக்குத் தொடர்ச்சி மலையின் வேறு பகுதிகளிலும் காட்டுக்குள்ளேயே கிடைத்திருக்கிறது. காடையாம்பட்டியும் சேர்வராயன் மலையின் அடிவாரப் பகுதிதான். குத்திக்கு அப்படிச் சொல்ல முடியாது.

வழியைத் தீர்மானிப்பது எப்போதும் இவ்வளவு சுலபம் என்று சொல்லமாட்டேன். ராமேஸ்வரத்தில் அனுமவிலாசம் கோயிலருகே கிடைத்த ஒரு மரப்பொந்துச் சிலந்திக்கு அந்தக் கோயிலின் பெயரையே வைத்து 2004-இல் உலகுக்கு அறிவித்தார்கள். அந்தத் தீவைத் தவிர வேறெங்கும் அது கிடையாது என்று பத்தாண்டு எண்ணிக்கொண்டிருந்தோம். 2015-இல் இலங்கையின் மன்னாரிலும் அது இருப்பதாக அங்குள்ள ஆய்வாளர்கள் எழுதினார்கள். 1914 முதல் 1964 புயல் வரை தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பல் ஓடியது, ரயில் சரக்கும் ஆட்களும் நாள்தோறும் கடல் தாண்டினார்கள். எனவே சிலந்தியும் போட் மெயில் பயணி என்று கதை கட்டத் தோன்றும். கதை அழகாகத்தான் இருக்கிறது, ஆனால் கடல்மட்டம் தாழ்ந்திருந்த காலத்தில் இரு கரையும் ஒரே நிலமாக இருந்தன என்பதை அது மறந்துவிடுகிறது. இரு கரையிலும் ஒரே வகையான வறண்ட மரக்காடு. இந்தப் பேரினத்தின் வேறு பல இனங்கள் இலங்கையில் காலங்காலமாக வாழ்கின்றன. கப்பல் இல்லாமலே விளக்கம் நிறைவாக இருக்கும்போது கப்பலைக் கூப்பிட வேண்டியதில்லை. எங்கே எல்லைக்கு வெளியே ஓர் உயிரி தென்பட்டாலும் உடனே மனிதனைக் காரணமாக்குவதும், எங்கே தென்பட்டாலும் ‘இது ஆதியிலிருந்தே இங்கே இருந்தது’ என்பதும் ஒரே சோம்பலின் இரு பக்கங்கள்.

உண்மையாகவே வெளியிலிருந்து வருவது எப்படி இருக்கும் என்பதைக் கோவைக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம். 2008 ஜூலையில் இந்தியாவிலேயே முதன்முறையாகப் பப்பாளி மாவுப்பூச்சி பதிவானது கோயம்புத்தூரில்தான். மெக்சிகோ பக்கத்துப் பூச்சி அது. 1998-இல் புளோரிடா, 2002-இல் குவாம், 2008-இல் இந்தோனேசியா, அதே ஆண்டில் கோவை என்று அதன் பயணத்தைத் தேதி போட்டுக் காட்டலாம். ஓரிரு பருவத்துக்குள் பப்பாளி, மரவள்ளி, மல்பெரி என்று எதையும் விடாமல் வெள்ளை படிந்துவிட்டது. 2010-இல் போர்ட்டோ ரீக்கோவிலிருந்து அசரோஃபேகஸ் என்ற ஒட்டுண்ணிக் குளவியை வரவழைத்து விட்ட பிறகே அடங்கியது. 2016-இல் பொள்ளாச்சித் தென்னந்தோப்புகளில் ரூகோஸ் சுருள் வெள்ளை ஈ முதலில் தென்பட்டதும் இதே மாதிரிதான். மத்திய அமெரிக்காவின் பெலீஸ் நாட்டில் கிடைத்ததை வைத்து 2004-இல் விவரிக்கப்பட்ட இனம், 2009-இல் புளோரிடா, பிறகு பொள்ளாச்சி. தோட்டத்துக்காரர்கள் ஓலையில் கருத்த படலத்தைப் பார்த்து அலறிய பிறகு யாரும் ‘இது எப்போதுமே இருந்ததுதானே’ என்று கேட்கவில்லை. இந்த இரண்டு நிகழ்வுகளிலும் தேதிகளின் சங்கிலி இருக்கிறது, பக்கத்துக் காட்டில் அதற்கு முன் தடயமில்லை, மனிதன் நட்டு வளர்ப்பதையே பிடித்துக்கொண்டு பெருகுகிறது. ஒரு குறிப்பும் சேர்க்க வேண்டும். இந்த முதல் பதிவுகளில் ஒரு பங்கு, 1906-இலிருந்து வேளாண் கல்லூரியும் பின்னால் பல்கலைக்கழகமும் இங்கே இருப்பதால் வந்தது. பார்க்கத் தெரிந்த கண் இருக்கும் ஊரில் பதிவும் முதலில் விழும்.

இந்தச் சோதனையில் தேறும் விஷச் சிலந்தி ஒன்று உண்டு. பிரவுன் விடோ என்று சொல்லப்படும் பழுப்பு நிற லேட்ரோடெக்டஸ். கருப்பு விதவைச் சிலந்தியின் நெருங்கிய உறவு. ஆப்பிரிக்காவே இதன் பிறப்பிடம் என்று பலர் கருதுகிறார்கள். 1935-இல் புளோரிடா, 1995-இல் ஜப்பான், 2000-க்குப் பிறகு கலிபோர்னியா என்று துறைமுகம் துறைமுகமாக நகர்ந்திருக்கிறது. இந்தியாவில் முதல் அறிக்கை 2007-இல் கரண்ட் சயன்ஸ் இதழில், புனேயிலிருந்து வந்தது. காட்டுக்குள் இதைத் தேடிப் பயனில்லை. பிளாஸ்டிக் நாற்காலியின் அடி, தண்ணீர்த் தொட்டியின் விளிம்பு, நிறுத்தி வைத்த வண்டியின் சக்கரக் குழி, கம்பிவேலி மூலை, இவைதான் அதன் வீடு. முட்டைப்பை நெருஞ்சிக்காயைப் போல முள்முள்ளாக இருக்கும். ஒரு பெண் சிலந்தி அடுத்தடுத்துப் பல பைகளைக் கட்டும், ஒவ்வொன்றிலும் நூற்றுக்கு மேல் முட்டை. பருத்திப் பொதியும் பழைய தறியும் பின்னலாடைப் பெட்டியும் துறைமுகத்துக்கும் ஆலைக்கும் இடையே ஓயாமல் போய்வரும் கோவை–திருப்பூர் வட்டாரம் இத்தகைய பிராணிக்கு ஏற்ற நிலம் என்பது வெளிப்படை. அதன் விஷம் துளிக்குத் துளி கடுமையானதுதான். ஆனால் கடியில் இறங்கும் அளவு சொற்பம். தென்னாப்பிரிக்காவில் 1993-இல் வெளியான ஆய்வில் விதவைச் சிலந்திகள் கடித்த 45 பேரின் விவரம் இருக்கிறது. 30 பேரைக் கருப்பு இனமும் 15 பேரைப் பழுப்பு இனமும் கடித்திருந்தன. பழுப்பு கடித்தவர்களுக்குக் கடித்த இடத்து வலியோடு பெரும்பாலும் முடிந்துவிட்டது. ஆக, மெய்யான அந்நியனைப் பற்றி அஞ்ச வேண்டியது கொஞ்சம்தான்.

இனி, கோவையின் மேற்கு விளிம்பில் மழைக்குப் பின் வாசலில் தென்படும் மயிரடர்ந்த பெரிய சிலந்திக்கு வருவோம். வாட்ஸ்அப்பில் அது ஒரு நாள் ஆஸ்திரேலியாவிலிருந்து வந்ததாகவும் மறுநாள் பிரேசிலிலிருந்து வந்ததாகவும் சொல்லப்படுகிறது. வளை தோண்டி வாழும் டாரன்டுலாக்கள் மேற்குத் தொடர்ச்சி மலையடிவாரத்துக்குப் புதியவை அல்ல. ஈரம் ஏறியதும் வளையில் தண்ணீர் நிற்கும், பருவமடைந்த ஆண்கள் பெண்ணைத் தேடி இரவில் அலையத் தொடங்கும். அலைகிற வழியில் முன்பு சோளக்காடும் கரடும் இருந்தன, இப்போது சுற்றுச்சுவரும் தெருவிளக்கும் இருக்கின்றன. 2011-இல் கோவை மாநகராட்சியின் எல்லை விரிந்து 72 வார்டுகள் 100 ஆயின. அதற்கு வெளியேயும் தடாகம், மாதம்பட்டி, ஆனைகட்டிச் சாலை என்று மலையை நோக்கி வீட்டுமனைகள் ஏறின. இங்கே எல்லை தாண்டியவர்கள் மனை வாங்கியவர்களே. 2012-இல் அசாமின் தின்சுகியா மாவட்டத்துச் சதியாவில் இதைவிடப் பெரிய அளவில் ஒரு கலக்கம் எழுந்தது. சிலந்திக் கடிக்குப் பின் இருவர் இறந்ததாகச் செய்தி பரவியது, சிட்னியின் புனல்வலைச் சிலந்தி வந்துவிட்டதாகப் பேச்சு கிளம்பியது. பிடித்துப் பார்த்தவர்கள் அது சிலோபிராகிஸ் என்ற, இந்தியாவில் இயல்பாகவே வாழும் டாரன்டுலா வகை என்றார்கள். கடிபட்டவர்கள் முதலில் போனது மந்திரவாதியிடம். அவர் பிளேடால் கீறி ரத்தம் வடித்ததாக அப்போதைய செய்திகள் சொல்கின்றன. அந்த மரணங்களைச் சிலந்தியின் கணக்கில் எழுத, கடித்தது என்பது மட்டும் போதாது.

இதற்கு வலுவான மறுப்பு ஒன்று வரும். வெளியூரா உள்ளூரா என்ற ஆராய்ச்சி எதற்கு, பயந்து ஒதுங்கிப் போனால் நட்டம் என்ன? நட்டம் உண்டு, அதுவும் உயிர் நட்டம். நம் கிராமங்களில் காணாக்கடி என்று ஒரு பகுப்பு உண்டு. தடிப்போ அரிப்போ வந்தால், கடித்தது எது என்று தெரியாது என்பதை ஒப்புக்கொண்டே குப்பைமேனியும் மஞ்சளும் அரைத்துப் போடுவார்கள், வேப்பிலை அடித்து மந்திரிப்பார்கள். வைத்தியம் எவ்வளவு பலித்தது என்பது வேறு விஷயம், காணாத குற்றவாளிக்குப் பெயர் வைக்கும் துணிச்சல் அதில் இல்லை. இப்போதோ கொப்புளத்தைப் பார்த்ததுமே ‘விஷச் சிலந்தி’ என்று தீர்ப்பு சொல்லிவிடுகிறோம். அந்தக் கொப்புளம் விளக்கு வெளிச்சத்துக்கு வந்த பீடரஸ் என்ற சிறு வண்டைத் தோலில் நசுக்கியதால் வந்திருக்கலாம். நடுவில் கருத்த பொருக்கோடு காய்ச்சலும் இருந்தால் அது ஸ்க்ரப் டைஃபஸ் ஆக இருக்கலாம். உண்ணி போன்ற நுண்ணிய பூச்சியின் கடியால் வரும் இந்த நோய் தமிழ்நாட்டில் உள்ளதுதான். தக்க நேரத்தில் டாக்ஸிசைக்ளின் கொடுத்தால் குணமாகும், சிலந்தியென்று விட்டுவிட்டால் ஆளைக் கொல்லும். எல்லாவற்றிலும் மோசமானது கட்டுவிரியன். தரையில் படுத்திருப்பவரை நடுராத்திரியில் கடிக்கும். வீக்கம் இருக்காது, தடமும் சரியாகத் தெரியாது. ‘ஏதோ பூச்சி’ என்று விடியும்வரை காத்திருந்தால் கண்ணிமை சரிந்து, மூச்சு நின்றுவிடும். பாம்பு விஷமுறிவு மருந்து கட்டுவிரியனுக்கு வேலை செய்யும், சிலந்திக்குச் செய்யாது. எது கடித்தது என்ற கேள்வியைச் சோம்பலாகக் கேட்டால் எந்த மருந்து என்ற கேள்வியும் தவறிப்போகும்.

இது படிக்காத மக்களின் குறை என்று நினைக்க வேண்டாம். அமெரிக்காவில் பிரவுன் ரெக்லூஸ் என்ற சிலந்தி இல்லாத மாநிலங்களில்கூட அதன் கடியென்று மருத்துவர்கள் எழுதிக்கொண்டிருந்தார்கள். ரிக் வெட்டர் என்ற ஆய்வாளர் ஆண்டுக்கணக்காக அதை மறுத்து எழுதினார். 2001-இல் நியூயார்க்கில் ஏழு மாதக் குழந்தைக்கு வந்த ஆந்த்ராக்ஸ் புண்ணையே முதலில் சிலந்திக் கடி என்றார்கள். அதே ஆண்டு, அந்தச் சிலந்தி உண்மையிலேயே வாழும் கேன்சஸ் மாநிலத்தில் ஒரே வீட்டிலிருந்து ஆறு மாதத்தில் 2,055 சிலந்திகள் பிடிபட்டன. அந்த வீட்டுக் குடும்பத்தில் ஒருவரையும் அவை கடித்திருக்கவில்லை.

இன்னொரு மறுப்பு அறிவியலின் பக்கத்திலிருந்து வரும். இந்தியச் சிலந்திகளின் பட்டியலே முழுமையற்றது, முன்பு பதிவில்லை என்பதை வைத்து எதைத்தான் சொல்ல முடியும் என்பார்கள். உண்மை. 2005-இல் மஞ்சு சிலிவால், சஞ்சய் மோளூர், பி. கே. பிஸ்வாஸ் மூவரும் தொகுத்த பட்டியலில் 1,442 இனங்கள் இருந்தன. அது வெளிவந்தது கோவையில் இருக்கும் ஜூ அவுட்ரீச் அமைப்பின் இதழில். சாலி வாக்கர் தொடங்கிய அந்த அமைப்பைச் சேர்ந்தவர்களே 2008-இல் இந்திய மரப்பொந்து டாரன்டுலாக்களின் நிலையை மதிப்பிட்டுப் பன்னாட்டுச் சிவப்புப் பட்டியலில் ஏற்றினார்கள். சேலத்துச் சிலந்தி அழியும் நிலையில், குத்திச் சிலந்தி அதைவிட மோசமான நிலையில். பட்டியல் முழுமையற்றது என்பது என் வாதத்தைக் குலைக்கவில்லை. பதிவு குறைவாக இருக்கும் நாட்டில் ‘புதிது’ என்ற சொல்லுக்கு இன்னும் கூடுதல் சான்று கேட்க வேண்டும். வெறும் பதிவின்மை போதாது என்பதால்தான் தேதிச் சங்கிலியும் வழியும் வாழிடமும் வேண்டும் என்கிறேன்.

வழி தெளிவாகத் தெரியும் போக்குவரத்து ஒன்று இப்போதும் நடக்கிறது. அதைப் பற்றித்தான் நாம் குறைவாகப் பேசுகிறோம், ஏனென்றால் அதில் பெரும்பகுதி இங்கிருந்து வெளியே போகிறது. நம் வீட்டுச் சுவரில் இரவில் ஒட்டியிருக்கும், காசு போன்ற வெள்ளை முட்டைப்பையை வயிற்றடியில் சுமக்கும் தட்டைச் சிலந்தி ஆசியாவிலிருந்து கப்பலேறி வெப்பநாடுகள் எங்கும் பரவியதாகக் கருதப்படுகிறது. வாழைத்தாரோடு குளிர்நாட்டுத் துறைமுகங்களிலும் இறங்கியிருக்கிறது. அதற்குப் பெரிய விஷமில்லை. மரப்பொந்து டாரன்டுலாக்களுக்கு உண்டு. அவை கடித்தால் சில மணி நேரம் கழித்துக்கூடக் கடுமையான தசைப்பிடிப்பு தொடங்கும், நாட்கணக்கில் விட்டு விட்டு வரும். உயிரிழப்பு பதிவாகவில்லை. இதை மருத்துவ உலகம் விரிவாகத் தெரிந்துகொண்டதில் ஐரோப்பாவுக்குப் பெரிய பங்கு உண்டு. 2009-இல் பிரிட்டனிலிருந்து வந்த மருத்துவக் கட்டுரையிலும் 2014-இல் வந்த இன்னொரு தொகுப்பாய்விலும் கடிபட்டவர்களில் பலர் இவற்றைக் கண்ணாடிப் பெட்டியில் வளர்த்தவர்கள். நம் பக்கத்துக் காடுகளின் விஷம் அந்நிய மண்ணில் அந்நியரைக் கடித்தது. எதிர்த்திசையில் வந்ததற்கும் சான்று உண்டு. 2021 ஜூலையில் சென்னை வெளிநாட்டு அஞ்சலகத்தில், போலந்திலிருந்து அருப்புக்கோட்டை முகவரிக்கு வந்த ஒரு பொட்டலத்தைச் சுங்கத்துறை பிரித்தது. தெர்மோகோல் பெட்டிக்குள் 107 சிறு குப்பிகள், ஒவ்வொன்றிலும் உயிருள்ள குட்டிச் சிலந்தி. மெக்சிகோ, மத்திய அமெரிக்கப் பக்கத்து டாரன்டுலாக்களாக இருக்கலாம் என்று விலங்கியல் துறையினர் கருதினார்கள். பொட்டலம் வந்த நாட்டுக்கே திருப்பி அனுப்பப்பட்டது. அந்த அமெரிக்க வகைகளின் கடி பொதுவாக மென்மையானது, மயிர் பட்டால் தோல் அரிக்கும்.

2019-இல் இலங்கையும் அமெரிக்காவும் முன்மொழிய, போசிலோதீரியா பேரினம் முழுவதும் பன்னாட்டு வணிகக் கட்டுப்பாட்டு உடன்படிக்கையின் இரண்டாம் பட்டியலில் சேர்ந்தது. இனி அனுமதிச் சீட்டில்லாமல் சேலத்துச் சிலந்தி எந்த நாட்டு எல்லையையும் தாண்டக் கூடாது. அது ஒடுங்கும் பொந்துள்ள மரத்தை வெட்டுவதற்கு அந்த உடன்படிக்கையில் தடையேதும் இல்லை.